ஒரு கதவும் மூன்று மீட்டரும்: ஃபிராங்க்ஃபர்ட் சமையலறை பற்றிய நிகழ்வு ஆய்வு

வீட்டு வரைபடத்தில் எல்லோரும் கூடி உட்கார என்று ஓர் அறையைக் குறித்து வைப்போம். ஆட்கள் போய் உட்காருவது வேறு இடத்தில். பெரும்பாலும் அது சமையலறையை ஒட்டிய ஏதோ ஒரு மூலையாக இருக்கும். 2000களின் தொடக்கத்தில் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலஸ் வளாக ஆய்வாளர்கள் 32 குடும்பங்களின் அன்றாட வாழ்வை அவர்கள் வீட்டுக்குள்ளேயே இருந்து பதிவு செய்தார்கள். யார் எந்த அறையில், யாருடன் இருக்கிறார்கள் என்று 10 நிமிடத்துக்கு ஒருமுறை குறித்துக்கொண்டார்கள். அந்தக் குறிப்புகளை ஒரு வீட்டின் தரைத்தள வரைபடத்தின் மேல் புள்ளிகளாக வைத்துப் பார்த்தபோது, அவை சமையலறையிலும் பக்கத்திலிருந்த சாப்பாட்டு மேசையிலும் டிவி முன்னாலும் குவிந்து கிடந்தன. வரவேற்பு அறைக்கும் முன் தாழ்வாரத்துக்கும் ஆள் வரவே இல்லை என்று சொல்லிவிடலாம்.

சமையலறைப் பக்கம் ஆட்களை இழுப்பது எது? அதைப் பிரித்துப் பார்க்க ஒரு நல்ல வழி, அந்த இழுப்பை யாராவது வேண்டுமென்றே கலைத்துப் பார்த்த இடத்துக்குப் போவது. 1926இல் ஜெர்மனியின் ஃபிராங்க்ஃபர்ட் நகரம் அதைத்தான் செய்தது. சமையலறைக்குள் உட்கார்ந்திருந்த குடும்பத்தை எழுப்பிப் பக்கத்து அறைக்கு அனுப்பியது. ஒரு வீட்டில் இரண்டு வீட்டில் அல்ல, ஏறத்தாழ 10,000 வீடுகளில். இன்று நாம் மாடுலர் கிச்சன் என்று சொல்லும் எல்லாவற்றுக்கும் அதுவே மூத்த வடிவம். அதனால் அந்த வடிவமைப்பைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். பக்கத்து அறைக்கு என்ன ஆயிற்று என்று எழுதியவர்கள் குறைவு. இங்கே நான் பார்க்க விரும்புவது அந்தப் பக்கத்து அறையைத்தான்.

முன்பு இருந்த அறை

முதல் உலகப் போருக்கு முன்பும் பின்பும் ஜெர்மன் நகரத் தொழிலாளர் குடும்பங்கள் பெரும்பாலும் ஒரே அறையில்தான் பகலைக் கழித்தன. சமையலும் வாழ்வும் சேர்ந்த அந்த அறையை ‘வோன்கூஷெ’ என்பார்கள். நாம் சமையல் கூடம் என்று வைத்துக்கொள்வோம். நடுவில் அல்லது சுவரோரமாக நிலக்கரி அடுப்பு. அந்த ஒரு நெருப்புதான் சமைத்தது, தண்ணீர் காய்ச்சியது, குளிர்காலத்தில் அறையைச் சூடாக்கியது. அதே மேசையில் சாப்பிட்டார்கள், தைத்தார்கள், பிள்ளைகள் பாடம் எழுதினார்கள். இடம் போதாத வீடுகளில் இரவில் அங்கேயே படுக்கை விரித்தார்கள். கொஞ்சம் வசதியான வீடுகளில் பக்கத்திலேயே நல்ல நாற்காலிகளோடு ஒரு முன்னறை இருக்கும். ஞாயிற்றுக்கிழமைக்கும் விருந்தாளிகளுக்கும் என்று அது பூட்டிக் கிடக்கும். அதைச் சூடாக்க யாரும் கரியைச் செலவழிக்க மாட்டார்கள்.

சமையலறையில் குடும்பம் கூடியதை வெறும் பாசத்தின் கதையாகச் சொல்வது எனக்குப் பிடிப்பதில்லை. அங்கே முதலில் இருந்தது சூடு. இரண்டாவது வெளிச்சம்: ஒரு விளக்கு எரிகிற வீட்டில் அந்த விளக்கைச் சுற்றித்தான் எல்லோரும் இருந்தாக வேண்டும். மூன்றாவது வேலை. காய் நறுக்க, பாத்திரம் துடைக்க, குழந்தையைப் பிடித்துக்கொள்ள எப்போதும் இன்னொரு கை தேவைப்பட்டது. கை நீட்டினால் எட்டும் தூரத்தில் ஆள் இருந்தார். பேச்சு இந்த மூன்றுக்கும் நடுவில் தானாக வந்து உட்கார்ந்துகொண்டது.

ஆனால் அந்த அறைக்கு இன்னொரு முகமும் உண்டு. புகை, நீராவி, காயும் துணியின் ஈரம், ஒரே காற்றை இரவு பகலாகச் சுவாசிக்கும் ஏழெட்டுப் பேர். காசநோய் பரவிய காலம் அது. வீட்டுவசதிச் சீர்திருத்தக்காரர்கள் சமையல் கூடத்தைக் கண்டு முகம் சுளித்ததில் நியாயம் இருந்தது. சமைக்கிற இடமும் தூங்குகிற இடமும் பிரிய வேண்டும் என்று அவர்கள் சொன்னது அழகுக்காக அல்ல, உயிருக்காக.

1926இல் எடுத்த முடிவு

போருக்குப் பிறகு வீட்டுப் பஞ்சம் கடுமையாக இருந்தது. 1925இல் ஃபிராங்க்ஃபர்ட் நகரக் கட்டடத் துறையின் பொறுப்பை ஏற்ற எர்ன்ஸ்ட் மே, அடுத்த ஐந்து ஆண்டுகளில் ஆயிரக்கணக்கான வீடுகளைக் கட்டத் திட்டமிட்டார். வியன்னாவிலிருந்து அவர் அழைத்து வந்தவர்களில் ஒருவர் மார்கரெட்டே லிஹோட்ஸ்கி. 1897இல் பிறந்தவர், ஆஸ்திரியாவில் கட்டடக்கலை படித்த முதல் பெண்களில் ஒருவர், வியன்னாவின் குடியேற்ற வீடுகளுக்காக ஏற்கெனவே வேலை செய்தவர். சமையல் கூடம் அவருக்குப் புதிதல்ல. வியன்னாவில் அந்த மாதிரி வீடுகளையே அவர் வரைந்திருக்கிறார். (1927இல் வில்ஹெல்ம் ஷூட்டேயை மணந்த பிறகு ஷூட்டே-லிஹோட்ஸ்கி ஆனார்.)

முன்னால் மூன்று வழிகள் இருந்தன. பழையபடி சமையல் கூடம். அல்லது சாப்பிட ஒரு மூலையோடு கூடிய நடுத்தர சமையலறை. அல்லது வேலை மட்டும் நடக்கும் சின்னச் சமையலறை, சாப்பாடும் உட்காருவதும் பக்கத்து அறையில். நடு வழியை விட்டதற்குக் காரணம் பணம். அதற்கு அதிக சதுர மீட்டர் வேண்டும், அது வாடகையில் ஏறும், எந்தக் குடும்பங்களுக்காக வீடு கட்டுகிறார்களோ அவர்களால் கொடுக்க முடியாது. ஆகவே மூன்றாவது வழி.

அளவு சுமார் 1.9 மீட்டருக்கு 3.4 மீட்டர். 6.5 சதுர மீட்டர் வரும். நடுவில் நின்றால் இரண்டு பக்கச் சுவரும் கைக்கு எட்டும். ரயிலில் உணவுப் பெட்டியின் சமையலறை அவருக்கு முன்மாதிரி: அவ்வளவு சின்ன இடத்தில் அத்தனை பேருக்குச் சமைக்க முடிகிறதே என்று. அமெரிக்காவின் கிறிஸ்டின் ஃபிரெடெரிக் 1912 முதல் எழுதிவந்த, வீட்டு வேலையில் வீண் நடையைக் குறைக்கும் யோசனைகளும் அப்போது ஜெர்மனில் கிடைத்தன. ஜன்னலுக்குக் கீழே வேலைப் பலகை, உட்கார்ந்து நறுக்கச் சுழலும் முக்காலி, சுவரிலிருந்து மடக்கி இறக்கும் இஸ்திரிப் பலகை, மாவுக்கும் பருப்புக்கும் கைப்பிடியோடு அலுமினிய இழுப்பறைகள், நகர்த்தக்கூடிய விளக்கு. இதையெல்லாம் எல்லோரும் எழுதிவிட்டார்கள், நான் நிற்கவில்லை.

நான் நிற்க விரும்புவது கதவில். அடுப்புக்குப் பக்கத்திலேயே, நீளச் சுவரில், வாழும் அறைக்குத் திறக்கும் ஒரு ஸ்லைடிங் கதவு. பக்கவாட்டில் தள்ளுகிற கதவு என்பதால் திறந்தே வைத்தாலும் யாருக்கும் இடைஞ்சல் இல்லை. அடுப்பிலிருந்து சாப்பாட்டு மேசை வரை 3 மீட்டருக்கு மேல் போகக் கூடாது என்று கணக்குப் போட்டிருந்தார்கள். அது தட்டைத் தூக்கிக்கொண்டு நடக்கிற கணக்கு. ஆனால் பேச்சின் கணக்கும் அதுவேதான். 3 மீட்டர் தூரத்தில் சாதாரணக் குரலில் பேசினால் கேட்கும், முகத்தில் ஓடுவது தெரியும். சமைக்கிறவர் பக்கத்து அறையில் விளையாடும் குழந்தைகளைக் கண்ணில் வைத்துக்கொள்ள வேண்டும் என்பதும் அந்தக் கதவு அங்கே வந்ததற்கு ஒரு காரணம். அதாவது வடிவமைத்தவர் மனதில் இருந்தது தனிச் சமையலறை அல்ல. சமையலறையும் அதை ஒட்டிய அறையும் சேர்ந்த ஒரு ஜோடி. புகையையும் ஆவியையும் சுவருக்கு அந்தப் பக்கம் தள்ளிவிட்டு, குடும்பத்தைச் சுவருக்கு இந்தப் பக்கம், ஆனால் கூப்பிடு தூரத்தில் வைத்திருப்பதுதான் திட்டம்.

குடிவந்தவர்கள் கண்டது

வேலை சுலபமானது உண்மை. ஆனால் புகாரும் வந்தது. முதல் புகார், இரண்டாவது ஆளுக்கு உள்ளே இடமில்லை. ஒருவர் வேலை செய்வதற்காகவே துல்லியமாக அளந்த அறை. அம்மாவுக்கு உதவ வந்த மகளோ, துடைக்க வந்த கணவரோ நின்றால் வழி அடைபடும். சமையல் கூடத்துக்குப் பழகியவர்கள் உள்ளேயே ஒரு சின்ன மேசையைப் போட்டுவிடப் பார்த்தார்கள். கட்டடக்காரர்கள் அதைப் பழக்கத்தின் பிடிவாதமாக நினைத்தார்கள். புதிய சமையலறையை எப்படிப் பயன்படுத்துவது என்று விளக்க உரைகள் நடந்தன, படமும் எடுத்தார்கள். எனக்கு அது பிடிவாதமாகத் தெரியவில்லை. அந்த மேசை ஒரு துல்லியமான விமர்சனம். ‘சூட்டை எடுத்துக்கொண்டீர்கள், வெளிச்சத்தைப் பக்கத்து அறையில் வைத்தீர்கள், அதெல்லாம் சரி. இன்னொரு கைக்கு இடம் எங்கே?’ என்பதுதான் அது கேட்ட கேள்வி.

முன்பு சொன்ன மூன்றில் முதல் இரண்டை ஃபிராங்க்ஃபர்ட் நன்றாகவே இடம் மாற்றியது. 1927-28இல் கட்டிய ரோமர்ஷ்டாட் குடியிருப்பில் முழுக்க மின்சாரம். கரி அடுப்பு இல்லாத வீட்டில் அடுப்பைச் சுற்றிக் குளிர்காய வேண்டியதில்லை. (மின்கட்டணம் அதிகம் என்று அங்கே குடியிருந்தவர்கள் முறையிட்டது தனிக் கதை.) மூன்றாவதான வேலையை மட்டும் ஒரே ஒருவருக்கு என்று தீர்மானித்துவிட்டார்கள். குடும்பம் பக்கத்து அறைக்குப் போனபோது வேலையில் ஒரு துண்டுகூட அவர்களோடு போகவில்லை. நறுக்குவதும் தேய்ப்பதும் துடைப்பதும் எல்லாம் 6.5 சதுர மீட்டருக்குள். கதவின் இந்தப் பக்கம் காத்திருப்பவர்கள், அந்தப் பக்கம் உழைப்பவர் என்று ஆகிவிட்டது.

1970களில் பெண்ணியர்கள் இந்தச் சமையலறையைப் பெண்ணை அடைத்துவைத்த அறை என்று விமர்சித்தார்கள். பாதி நியாயம் என்பேன். வேலையை ஒருவர் தலையில் கட்டியது உண்மை. ஆனால் அடைத்துவைத்தது இந்த வரைபடம் அல்ல, இதன் நகல்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பின் 1950, 60களில் கட்டிய அடுக்குமாடி வீடுகள் அலமாரி வரிசையை எடுத்துக்கொண்டன, சின்ன அளவை எடுத்துக்கொண்டன. பல இடங்களில் கதவையும் 3 மீட்டரையும் விட்டுவிட்டன. நடைவழியிலிருந்து உள்ளே போகும் ஒற்றைக் கதவு, மூடிய சுவர், அந்தக் கோடியில் எங்கோ ஒரு கூடம். அலமாரியை விலைக்கு வாங்கலாம், பட்டியலில் சேர்க்கலாம். கதவு எங்கே திறக்கிறது என்பதை யாரும் விற்பதில்லை, அதனால் அதை மறப்பது சுலபம்.

கண்ணாடிச் சுவர்

அதே காலத்தில் மியூனிக்கில் இன்னொரு பதில் முளைத்தது, இது ஏனோ அதிகம் பேசப்படுவதில்லை. 1920களின் கடைசியில் அஞ்சல் துறைக் குடியிருப்புகளுக்காகக் கட்டடக்கலைஞர்கள் ஹன்னா லோவும் வால்டர் ஷ்மிட்டும், வீட்டு நிர்வாகம் பற்றி எழுதிவந்த எர்னா மேயரின் யோசனையோடு, சமையலறைக்கும் வாழும் அறைக்கும் நடுவில் கண்ணாடித் தடுப்பு வைத்தார்கள். ஆவியும் வாடையும் அந்தப் பக்கம், பார்வை மட்டும் இந்தப் பக்கம் வரும். கண்ணுக்கு ஃபிராங்க்ஃபர்ட்டைவிட இது நல்ல பதில், கதவு மூடியிருந்தாலும் தெரியுமே. குரலுக்கு அவ்வளவு நல்லதில்லை. இரண்டையும் வைத்துப் பார்க்கும்போது ஒன்று தெளிவாகிறது: பார்ப்பது, கேட்பது, கை கொடுப்பது மூன்றும் தனித்தனி விஷயங்கள். ஒன்றைக் கொடுத்தால் மற்றவை தாமாக வந்துவிடாது.

சுவரையே எடுத்தவர்

கடலுக்கு அப்பால் அமெரிக்கக் கட்டடக்கலைஞர் ஃபிராங்க் லாய்ட் ரைட் வேறு வழியில் போனார். விஸ்கான்சின் மாநிலத்தின் மேடிசன் நகரில் ஹெர்பர்ட், கேதரின் ஜேக்கப்ஸ் தம்பதிக்காக அவர் கட்டிய வீடு 1937இல் முடிந்தது. அப்போது 5,500 டாலர். வேலையாள் வைத்துக்கொள்ளாத நடுத்தரக் குடும்பத்துக்கான வீடு. சமையலிடம் வீட்டின் நடு முனையில், கணப்படுப்பின் பின்புறம். அதை ஒட்டி, நடுவில் கதவே இல்லாமல், சாப்பிடும் மாடம். அங்கிருந்து அப்படியே நீளமான வாழும் அறை. சமையலிடத்தின் கூரையை உயர்த்தி, மேலே ஜன்னல் வைத்து ஆவியை அங்கே ஏற்றிவிட்டார். ஃபிராங்க்ஃபர்ட்டில் கதவு செய்த வேலையை இங்கே உயரம் செய்தது. சமைக்கிறவருக்குக் குடும்பத்தோடு இருக்கும் வசதி கிடைத்தது. ஆனால் இங்கேயும் சமையலிடம் சிறியதுதான், இரண்டாவது ஆள் நெருக்கித்தான் நிற்க வேண்டும்.

அந்த மூன்றாவது விஷயத்தை நேராகத் தொட்டவர், என் கணிப்பில், ஓட்ல் ஐஷர். ஜெர்மன் வடிவமைப்பாளர். சமையலறைச் சாமான்கள் செய்யும் புல்தாப் நிறுவனத்துக்காகச் சமையலறைகளை ஆராய்ந்து 1982இல் தன் முடிவுகளை வெளியிட்டார். சுவரோடு ஒட்டிய வரிசையை விட்டு, நடுவில் நான்கு பக்கமும் ஆள் நிற்கக்கூடிய வேலை மேசை வேண்டும் என்றார். சமையல் சேர்ந்து செய்கிற காரியம் என்பதிலிருந்து அவர் தொடங்கினார், வீண் நடையைக் குறைப்பதிலிருந்து அல்ல. தொடக்கம் மாறினால் அறையே மாறிவிடுகிறது. இப்போது எங்கும் பார்க்கிற நடுமேடைக்கு அவர் யோசனையில் ஒரு வேர் இருக்கிறது.

பக்கத்து இடத்துக்கு இதிலிருந்து என்ன தெரிகிறது

இப்போது வீட்டைச் சூடாக்கவோ வெளிச்சம் போடவோ அடுப்பு தேவையில்லை. ஆட்களைக் கட்டி இழுத்த மூன்றில் இரண்டு போய்விட்டன. அப்படியும் லாஸ் ஏஞ்சலஸ் வீட்டில் புள்ளிகள் அங்கேயே குவிந்தன என்றால், மிச்சமிருப்பது வேலையும், வேலை செய்கிறவர் அருகில் இருக்கும் ஆசையும்தான். ஆகவே சமையலறையை ஒட்டி உட்கார ஓர் இடம் செய்கிறவர்கள் மெத்தைக்கும் திரைக்கும் முன்னால் வேலையைப் பற்றி யோசிக்க வேண்டும். உட்கார்ந்தபடியே செய்யக்கூடிய வேலை அந்த இடத்துக்கு வருமா? மேசை அகலமாக, துடைத்தால் சுத்தமாகிற பரப்போடு இருந்தால் நறுக்குவதும் உரிப்பதும் அங்கே வந்துவிடும். கண்ணாடி மேசையோ தாழ்ந்த டீப்பாயோ இருந்தால் வராது. இதைத்தான் முதலில் பார்ப்பேன்.

அடுத்தது உட்காரும் விதம். 1950களில் கனடாவின் சஸ்காட்செவன் மாகாணத்தில், மனநல மருத்துவர் ஹம்ஃப்ரி ஆஸ்மண்டின் மருத்துவமனையில், உளவியலாளர் ராபர்ட் சோமர் சாப்பாட்டு மேசைகளைக் கவனித்தார். 6 அடிக்கு 3 அடி மேசை. மேசையின் மூலையில் இரு பக்கமாக உட்கார்ந்தவர்கள், பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தவர்களைவிட இரண்டு மடங்கு பேசினார்கள். பக்கத்தில் உட்கார்ந்தவர்கள், எதிரெதிரே உட்கார்ந்தவர்களைவிட மூன்று மடங்கு. சமையலறைப் பக்கத்து மூலையில் L வடிவ பெஞ்சு ஏன் அவ்வளவு நன்றாக வேலை செய்கிறது என்பதற்கு இதில் ஒரு பதில் இருக்கிறது. எதிரே ஒருவரை நேருக்கு நேர் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டிய கட்டாயமில்லை, பேச்சு விட்டுவிட்டு வரலாம். நடுமேடையின் ஓரம் வரிசையாக ஸ்டூல் போட்டால் இது கிடைப்பதில்லை. நாலு பேர் ஒரே திசையில் சமைக்கிறவரைப் பார்த்து உட்காருவார்கள். சமைக்கிறவருக்கு அது பரீட்சை மாதிரி ஆகிவிடும். மேடையின் முனையைச் சுற்றி மூலையில் இரண்டு ஸ்டூலைத் திருப்பிப் போட்டாலே நிலைமை மாறும்.

உயரமும் கணக்கில் வரும். சமையல் மேடை சுமார் 90 செ.மீ., சாதாரண மேசை 75 செ.மீ. நின்று சமைக்கிறவரின் கண்ணும் தாழ்வான சோபாவில் சாய்ந்திருப்பவரின் கண்ணும் வெகுதூரம் விலகிவிடும், ஒருவர் குனிந்தும் ஒருவர் அண்ணாந்தும் பேசுவார்கள். மேசை நாற்காலி உயரத்துக்குக் கொண்டுவந்தால் பாதிச் சிரமம் போகும்.

சத்தத்தைப் பலர் மறந்துவிடுகிறார்கள். சுவரை உடைத்துத் திறந்த பிறகு, சமைக்கிற நேரமெல்லாம் புகைபோக்கி மின்விசிறி இரைந்தால், 3 மீட்டர் தள்ளி இருப்பவரிடம் கத்தித்தான் பேச வேண்டும். டைல்ஸும் கிரானைட்டும் ஸ்டீலும் சத்தத்தை உறிஞ்சாமல் திருப்பி அனுப்பும். பக்கத்து இடத்தில் துணி பெஞ்சு, விரிப்பு, புத்தக அலமாரி ஏதாவது ஒன்றாவது இருக்க வேண்டும். அதற்காக விசிறியை நிறுத்திவிடக் கூடாது. எரிவாயு அடுப்பு எரியும்போது நைட்ரஜன் டைஆக்சைடு வருகிறது, திறந்த அமைப்பில் அது நேராகக் குழந்தைகள் உட்காரும் இடத்துக்குப் போகும். பழைய சீர்திருத்தக்காரர்கள் பயந்தது இன்றும் வேறு பெயரில் இருக்கிறது. சத்தம் குறைந்த, வெளியே காற்றைத் தள்ளும் விசிறிக்குச் செலவழிப்பது நாற்காலிக்குச் செலவழிப்பதைவிட முக்கியம் என்று நினைக்கிறேன்.

முழுக்கத் திறப்பதா, கதவு வைப்பதா என்று கேட்பவர்களுக்கு நான் கதவுதான் சொல்வேன். திறந்தே கிடக்கிற, ஆனால் வேண்டும்போது மூடக்கூடிய ஸ்லைடிங் கதவு, முடிந்தால் கண்ணாடியில். ஃபிராங்க்ஃபர்ட்டும் மியூனிக்கும் சேர்ந்தால் அது. கூடவே இரண்டாவது ஆள் நிற்க உள்ளே இடம்: இரண்டு பேர் முதுகுக்கு முதுகு கடந்து போக 1.2 மீட்டர் நடைபாதை வேண்டும். அந்தக் காலத்து வாடகைக் கணக்கில் அது கிடைக்கவில்லை.

ஷூட்டே-லிஹோட்ஸ்கி 1930இல் மேயோடு சோவியத் ஒன்றியம் போனார். பின்னர் நாஜிகளுக்கு எதிராக இயங்கி 1941இல் வியன்னாவில் கைதாகி, போர் முடியும் வரை சிறையிலிருந்தார். 2000 ஜனவரியில், 103 வயதுக்குச் சில நாள் முன்பு இறந்தார். எத்தனையோ கட்டடங்களை வரைந்தவரிடம் எல்லோரும் இந்த ஒரு சமையலறையைப் பற்றியே கேட்டது அவருக்கு அலுப்பைத் தந்தது. அந்தச் சமையலறை இப்போது பல அருங்காட்சியகங்களில் இருக்கிறது. நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம், ஃபிராங்க்ஃபர்ட்டின் ஒரு குடியிருப்பிலிருந்து பெயர்த்தெடுத்த ஒன்றை வாங்கி 2010இல் காட்சிக்கு வைத்தது. அப்படிப் பெயர்த்தெடுக்கும்போது அலமாரி வருகிறது, இழுப்பறை வருகிறது, பக்கத்து அறை வருவதில்லை. அதையும் சேர்த்துப் பார்க்க ரோமர்ஷ்டாட்டுக்கே போக வேண்டும். அங்கே எர்ன்ஸ்ட் மே பெயரில் ஒரு வரிசை வீட்டை முழுதாக, தோட்டத்தோடு, பழையபடி மீட்டு வைத்திருக்கிறார்கள். அடுப்பருகில் நின்று வாழும் அறை வரை எத்தனை அடி என்று அங்கே நடந்தே பார்க்கலாம்.